இரயில் வராத நிலையம்

டோக்கியோ மாநகரின் மேற்கே, சூவோ இருப்புப்பாதையில் குனிதாச்சி என்றொரு புறநகர் நிலையம் உண்டு. காலையில் தலைநகருக்குப் பணிக்குச் செல்வோரும் மாலையில் களைத்துத் திரும்புவோரும் கடந்துபோகும் எத்தனையோ நிலையங்களுள் ஒன்று. இன்று அங்கே இரயில்கள் உயர்த்தப்பட்ட பாதையில் ஓடுகின்றன. அப்பாதையின் தென்புறம் சிவப்பு முக்கோணக் கூரையோடு சிறியதொரு மரக்கட்டடம் நிற்கிறது. அதுவே பழைய நிலையம். அதில் பயணச்சீட்டு விற்பதில்லை, நடைமேடையும் இல்லை. இரயில் வராத இந்த நிலையத்தை மீட்க ஒரு நகரம் 14 ஆண்டுகள் காத்திருந்தது. ஏன் என்பது நாம் எண்ணிப் பார்க்கத்தக்க கேள்வி.

குனிதாச்சி தானாக வளர்ந்த ஊரன்று. 1923-ஆம் ஆண்டின் பெரும் நிலநடுக்கத்தில், இன்று ஹிதோத்சுபாஷி என வழங்கும் பல்கலைக்கழகம் டோக்கியோவின் நடுவே இருந்த தன் கட்டடங்களை இழந்தது. த்சுத்சுமி யாசுஜிரோவின் நிலவணிக நிறுவனம் யாஹோ கிராமத்தின் காட்டு நிலத்தை வாங்கி, அப்பல்கலைக்கழகத்தை நடுவில் வைத்து ஓர் ஊரைத் திட்டமிட்டது. நிலையத்தையும் அந்நிறுவனமே கட்டி அரசு இரயில்வேக்கு அளித்தது. 1926 ஏப்ரலில் நிலையம் திறக்கப்பட்டது. பெயருக்கும் ஒரு சூத்திரமே துணை: கிழக்கே கொகுபுன்ஜி, மேற்கே தாச்சிகாவா, இரு பெயர்களிலிருந்தும் முதலெழுத்தை எடுத்துச் சேர்த்தார்கள். ஒன்றுக்கு 'நாடு', மற்றதற்கு 'நில்' என்று பொருள். 1951-இல் யாஹோ கிராமம் பேரூராக உயர்ந்தபோது நிலையத்தின் பெயரையே தன் பெயராக ஏற்றுக்கொண்டது. ஊரால் நிலையம் பெயர் பெறுவதே உலக வழக்கு. இங்கே நிலையத்தால் ஊர் பெயர் பெற்றது.

பாதையை உயர்த்தும் பணிக்காக 2006-இல் பழைய கட்டடத்தைப் பிரித்தார்கள். அதன் மரங்களை நகராட்சி காத்து வைத்தது. நிலத்தை விலைக்கு வாங்கியது. அவற்றில் பெரும்பகுதியைக் கொண்டே பழைய இடத்தை ஒட்டி மீண்டும் எழுப்பி 2020 ஏப்ரலில் திறந்தது. இதைப் பொம்மை என்று எள்ளுவோர் இருக்கக்கூடும். மனை விற்க எழுந்த விளம்பரக் கட்டடம், அதுவும் பிரித்துக் கோத்தது, இதில் மரபு எங்கே இருக்கிறது என்று அவர்கள் கேட்கலாம்.

கேள்வி நியாயமானதே. ஆயினும் நாம் உடன்படவில்லை. ஒரு கட்டடம் எந்த நோக்கத்தில் எழுந்தது என்பது அதன் பிறப்புச் செய்தி மட்டுமே. 80 ஆண்டுகள் அதன் கூரையின் கீழ் நாள்தோறும் நடந்தவர்கள்தாம் அதற்குப் பொருள் தந்தார்கள். அப்பொருளை அவர்கள் சும்மா பெற்றுவிடவும் இல்லை. கொரியப் போர்க்காலத்தில் அருகிலிருந்த தாச்சிகாவா இராணுவத் தளத்தின் கேளிக்கை விடுதிகள் தம் ஊருக்குள் பரவாமலிருக்கக் குடிமக்கள் போராடினார்கள். 1952-இல் ஊரைக் கல்விப் பகுதியாக அறிவிக்கச் செய்தார்கள்.

நிலையத்திலிருந்து நேர் தெற்கே செல்கிறது பல்கலைக்கழகச் சாலை. இருபுறமும் செர்ரி மரங்களும் கிங்கோ மரங்களும் நிற்கும் அகன்ற வீதி அது. 2001-இல் அங்கே 14 மாடிக் குடியிருப்பொன்று மரங்களுக்கு மேலே தலை நீட்டியது. 2002-இல் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம் 20 மீட்டருக்கு மேற்பட்ட பகுதியை அகற்ற ஆணையிட்டது. மேல்முறையீட்டில் அது தள்ளப்பட்டது. 2006-இல் உச்ச நீதிமன்றமும் கட்டடத்தைத் தொடவில்லை. ஆனால் நல்ல நிலக்காட்சியால் அருகில் வாழ்வோர் பெறும் நலன் சட்டத்தின் காப்புக்கு உரியது என்று சொன்னது. வழக்கில் தோற்றவர்கள் ஒரு கருத்தை வென்றெடுத்தார்கள். நிலம் விற்க எழுந்த கூரையின் முன்னே வளர்ந்த மக்களே நில வணிகத்துக்கு எல்லை கேட்டார்கள் என்பதே இதன் நயம்.

இதற்கு விலையும் உண்டு. கட்டுமான நிறுவனத்துக்கு நகராட்சி இழப்பீடு தர நேர்ந்தது. அத்தொகையை முன்னாள் மேயரே ஈடுசெய்ய வேண்டும் என்று 2016-இல் உறுதியாயிற்று. ஆதரவாளர்கள் நன்கொடை திரட்டி அதைச் செலுத்தினார்கள். இன்னொரு நெருடலும் உண்டு. அழகைக் காக்கும் குரல், முன்னமே வீடு வாங்கிவிட்டவர்கள் பின்னால் வருவோருக்குக் கதவடைக்கும் குரலாக மாறிவிடக்கூடாது. அந்த ஐயத்தை ஒதுக்கிவிட்டு நிலக்காட்சியைப் பேசுவது நேர்மையாகாது.

எனினும் வீட்டுக்குள்ளிருந்து காணும் காட்சி வேறு, வீதியில் நடப்போர் காணும் காட்சி வேறு. முன்னது உடைமை, பின்னது பொது. நிலையத்திலிருந்து தென்மேற்கே பிரியும் வீதிக்கு ஃபுஜி மலை தெரியும் வீதி என்றே பெயர். 2024-இல் அங்கே ஏறக்குறைய முடிந்துவிட்ட பத்து மாடிக் குடியிருப்பை, மலைக்காட்சியை மறைக்கிறது என்பதால், கட்டிய நிறுவனமே இடிக்க முடிவு செய்தது. எந்த நீதிமன்றமும் அவ்வாறு ஆணையிடவில்லை. அம்மலையை அவ்வீதியில் காண எவரும் வாடகை தர வேண்டியதில்லை. வாடகை வீட்டு மாணவனுக்கும் அது தெரியும்.

ஓர் ஊரின் முகம் மனைப்பத்திரம் வைத்திருப்போருக்கு மட்டும் உரியதன்று. அதைக் கடந்து நாள்தோறும் நடப்பவர்களுக்கும் அதில் பங்குண்டு. குனிதாச்சியின் சிவப்புக் கூரையைப் பொம்மை என்று நாம் ஏற்காததற்குக் காரணம் இதுவே. இரயில்கள் அதைவிட்டு மேலே ஏறிப்போய்விட்டன. ஊர் அதை விடவில்லை.