இயக்குநரின் பிரதிக்கு இடம் எங்கே?

2023ஆம் ஆண்டின் ஒளிப்பதிவுச் சட்டத் திருத்தமும் 2024 மார்ச்சில் வந்த சான்றளிப்பு விதிகளும் நம் எடிட்டிங் அறைக்குள் வேலையாகவே வந்துவிட்டன. யுஏ மூன்று வயதுப் படிகளாகப் பிரிந்தது நல்லது. சான்றிதழின் பத்தாண்டுக் கெடு போனதும் நல்லது. 'ஏ' படத்துக்குத் தொலைக்காட்சிக்கெனத் தனிச் சான்று வழங்க வாரியத்துக்குச் சட்டமே வழி திறந்திருக்கிறதே, அதில்தான் நாம் ஒரு நிலைப்பாடு எடுத்தாக வேண்டும். இனி ஒரே படத்துக்குச் செல்லுபடியாகும் வடிவங்கள் இரண்டு. இரண்டாவதை வெட்டித் தரச் சொல்லி நம்மிடம் வருபவர் உரிமைதாரர். இயக்குநரைக் கேட்டே ஆக வேண்டும் என்று எந்தச் சட்டப் பிரிவும் சொல்லவில்லை.

சின்னத்திரைக்குப் போனாலே படைப்பு சிறுத்துவிடும் என்பது நம் வாதமல்ல. அப்படி நினைப்பவர்கள் ஷியாம் பெனகலைப் பார்க்கட்டும். விளம்பரப் படங்களில் கை பழகி, 'அங்கூர்' (1974), 'நிஷாந்த்', 'மந்தன்', 'பூமிகா' என்று ஆண்டுக்கொன்றாகத் தந்தவர், தூர்தர்ஷனுக்கும் அதே அக்கறையோடுதான் போனார். 1986இல் வந்த 'யாத்ரா'வின் கதை அப்போது கன்னியாகுமரியிலிருந்து ஜம்முவுக்கு ஓடிய ஹிம்சாகர் எக்ஸ்பிரஸில் நடக்கிறது. 1988இல் 'பாரத் ஏக் கோஜ்', 53 பகுதிகள். எண்பதை நெருங்கிய வயதில் மாநிலங்களவைத் தொலைக்காட்சிக்கு 'சம்விதான்', பத்துப் பகுதிகள். எது எங்கே தொடங்கி எங்கே முடிய வேண்டும் என்பதை இவற்றில் அவரே வகுத்தார். இப்போது வரும் தொலைக்காட்சி வடிவமோ படத்தை எடுத்தவர் இல்லாத அறையில் முடிவாவது.

அதே பெனகல் தலைமையில்தான் 2016இல் அரசு சான்றளிப்பு குறித்து ஒரு குழு அமைத்தது. வயதுப் பிரிவு, மறுசான்று இரண்டும் அந்த அறிக்கையில் இருந்தவையே. கூடவே இன்னொரு பரிந்துரையும் இருந்தது: தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் வைக்க வேண்டியது சான்று பெற்ற வடிவத்தை அல்ல, இயக்குநரின் முழு வடிவத்தை. இந்த இதழ் நெடுநாளாகக் கேட்டுவருவதும் இதைத்தான். சட்டத் திருத்தத்தில் அது இல்லை.

இது எவ்வளவு பெரிய இழப்பு என்று 'மந்தன்' சொல்லும். ஐந்து லட்சம் பால் உற்பத்தியாளர்கள் ஆளுக்கு இரண்டு ரூபாய் போட்டு எடுத்த படம். நம் சென்னை பிரசாத்திலும் பொலோன்யாவிலும் புதுப்பிக்கப்பட்டு 2024இல் கான் விழாவில் திரையிடப்பட்டது. காப்பகத்தில் மூல நெகட்டிவ் இருந்ததால் படம் மீண்டது. ஒலியை ஒரு திரையரங்குப் பிரிண்டிலிருந்து எடுத்தார்கள். கையில் மிஞ்சியிருந்தது எதுவோ அதிலிருந்துதான் மீட்க முடிந்தது. கீறலை நம்மால் துடைக்க முடியும், நிறத்தை மீட்க முடியும். வெட்டி எறிந்த ஷாட்டை எந்த மென்பொருளாலும் திருப்பித் தர முடியாது.

அதிகாரிகளுக்கு இது தெரியாதா? அறிக்கை ஏழு ஆண்டுகள் அவர்கள் கையில் இருந்தது. திருட்டுப் பிரதி எடுத்தால் மூன்றாண்டு வரை சிறை, தயாரிப்புச் செலவில் ஐந்து விழுக்காடு வரை அபராதம் என்று முதலீட்டுக்குக் காவல் போட மறக்கவில்லை. 2021இல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்தை ஒரே கையெழுத்தில் கலைத்துவிட்டு உயர் நீதிமன்றம் போகச் சொன்னார்கள். சிறு படத்தின் இயக்குநர் எந்தப் பணத்தில் போவார்? வெட்டச் சொல்லும் அதிகாரத்துக்கு விதிகளில் பக்கம் பக்கமாக இடம் இருக்கிறது. வெட்டாத படத்தைப் பாதுகாக்க ஒரு வரி எழுத மனமில்லை. குழுத் தலைவர் என்று பெனகலின் பெயரைப் பயன்படுத்திக்கொண்டு, அவர் கேட்டதைக் கைவிட்டது அவமரியாதை. 2024 டிசம்பர் 23 அன்று அவர் மறையும்வரை அந்த வரி வரவில்லை.

விதிகளைத் திருத்தச் சட்டசபையோ நாடாளுமன்றமோ கூட வேண்டியதில்லை; அமைச்சகம் ஓர் அறிவிக்கை வெளியிட்டால் போதும். நம் சங்கங்கள் அதை எழுத்தில் கேட்க வேண்டும். அதுவரை, எடிட்டர்களே, சென்சாருக்குப் போகும் முன் லாக் செய்த முழு வடிவத்தை, ஒலித் தடங்களோடு, தேதியும் நீளமும் குறித்து இரண்டு இடங்களில் எடுத்து வையுங்கள். அதற்கான செலவைத் தயாரிப்பாளரின் ஒப்பந்தத்திலேயே எழுதச் சொல்லுங்கள்.