கோச்சி கொழும்புக்கு மட்டும்தானா?

யாழ்ப்பாணத்தில் கோச்சி என்றால் கொழும்பு என்று ஆகிவிட்டது. ஸ்ரேசனுக்குப் போகிறேன் என்று சொன்னால், "எப்ப திரும்பி வாறியள்?" என்றுதான் அயலட்டை கேட்கும். மீசாலையில் காலை ஏறி, புங்கன்குளத்தில் இறங்கி, கச்சேரியில் வேலையை முடித்துப் பின்னேரத் தேத்தண்ணிக்கு வீடு வந்து சேர்வதும் ரயில் பயணம்தான் என்பது எவருடைய நினைவிலும் வருவதில்லை. ஆட்களைக் குறை சொல்லிப் பயனில்லை. கொழும்பு வண்டிகளுக்காக எழுதப்படும் நேரசூசி அப்படித்தான் பழக்கும்.

ஆனால் இந்தப் பாதை பிறந்ததே உள்ளூர்ப் பாதையாகத்தான். 1902 மார்ச் 11ஆம் திகதி முதல் வண்டி ஓடியது காங்கேசன்துறைக்கும் சாவகச்சேரிக்கும் இடையில். கொழும்பு வண்டி யாழ்ப்பாணம் வந்து சேர 1905 ஓகஸ்ட் ஆயிற்று. யாழ்தேவி என்ற கொழும்புக் கடுகதி வண்டி வந்தது 1956இல். பிறகு 1990இல் போரால் எல்லாம் நின்றது. தண்டவாளமும் சிலிப்பர் கட்டையும் பங்கர்களுக்குப் போயின. இந்தியக் கடனுதவியில் பாதை மீண்டும் போடப்பட்டு, 2014 ஒக்ரோபரில் யாழ்ப்பாணத்துக்கும் 2015 ஜனவரியில் காங்கேசன்துறைக்கும் வண்டி வந்தது. பாதை திரும்பி வந்தது. பக்கத்து ஊருக்குக் கோச்சியில் போகும் பழக்கம் வரவில்லை.

வேலை நிமித்தம் பல வருசம் வெள்ளவத்தையில் இருந்தவன் நான். காலி வீதியில் பஸ் அசையாமல் நிற்கும் நேரத்தில், கடற்கரையோரமாகக் கோட்டைக்கு ஓடும் ஒபிஸ் கோச்சிதான் எங்களுக்குக் கைகொடுத்தது. சட்டைப் பையில் பிளாஸ்ரிக் உறைக்குள் சீசன் ரிக்கற். பாணந்துறையிலும் மொறட்டுவையிலும் ஏறியவர்கள் இருக்கைகளைப் பிடித்திருப்பார்கள், எங்களுக்குக் கதவோரம். ஸ்ரேசன் வாசலில் கடலை விற்பவருக்கு எந்த வண்டி எத்தனை நிமிசம் பிந்தும் என்பதுகூடப் பாடம். இன்று மீசாலையில் வீட்டுக்குக் கிட்டவே தண்டவாளம் கிடக்க, ஏ9 வீதியில் மினிபஸ்ஸுக்குக் காத்து நிற்கிறேன்.

எங்கள் பாதை போகும் வழியைப் பாருங்கள். புங்கன்குளத்தில் இறங்கினால் கச்சேரி. யாழ்ப்பாணத்தில் போதனா வைத்தியசாலையும் கடைத்தெருவும். கொக்குவிலில் பள்ளிக்கூடங்களும் தொழில்நுட்பக் கல்லூரியும், பல்கலைக்கழகமும் தூரமில்லை. சுன்னாகத்தில் சந்தை. தெல்லிப்பழையில் புற்றுநோய் வைத்தியசாலை. அங்கே கிளினிக்குக்குப் போகும் எங்கள் மாமி, விடிய முன்னமே கிளினிக் கொப்பியும் சுடுதண்ணிப் போத்தலும் கட்டிக்கொண்டு புறப்படுவா. யாழ்ப்பாண பஸ் நிலையத்தில் இறங்கி, அடுத்த பஸ்ஸுக்கு நின்று, கம்பியைப் பிடித்துத் தொங்கியபடி போய்ச் சேருவா. மீசாலையில் ஏறித் தெல்லிப்பழையில் இறங்கும் ஒரே பாதை அவவின் வீட்டுக்குப் பின்னால் ஓடுகிறது. அவவுக்கு வேண்டிய நேரத்தில் வண்டிதான் இல்லை.

வண்டி மட்டும் போதாது. ஸ்ரேசனைச் சுற்றி இரண்டு கிலோமீற்றர் வட்டத்தில் நடப்பதுதான் அதன் வாழ்வைத் தீர்மானிக்கும். யப்பானியர் இதை நூறு வருசத்துக்கு முன்னரே கண்டுகொண்டார்கள். ஒசாக்காவில் இன்றைய ஹன்கியு ரயில் பாதையை 1910இல் தொடக்கிய கொபயாஷி இச்சிசோ, ஆட்கள் தாமாக வருவார்கள் என்று காத்திருக்கவில்லை. பாதையோரம் காணி பிரித்து வீடு கட்டித் தவணைக்கு விற்றார். மறுமுனையான தக்கராசுக்காவில் 1914இல் பெண்கள் நாடகக் குழுவை மேடையேற்றினார். நகரத்து முனையில் 1929இல் பெருங்கடை திறந்தார். எங்களுக்கு அவ்வளவு பாடு இல்லை. கோயிலும் சந்தையும் பள்ளிக்கூடமும் ஏற்கெனவே பாதையோரம் இருக்கின்றன. தோக்கியோவின் கசாய் ஸ்ரேசனில் 9,000க்கு மேற்பட்ட சைக்கிள்கள் விடும் நிலக்கீழ்த் தரிப்பிடம் உண்டு. சைக்கிளுக்குப் பேர்போன எங்கள் ஊரில், ஸ்ரேசனுக்கு ஒரு தகரக் கொட்டிலும் பூட்டுச் சங்கிலி போட நாலு கம்பியும் போட்டாலே பெரிய காரியம்.

ஒற்றைப் பாதை, கொழும்பு வண்டிகளுக்கு வழிவிட வேண்டும் என்பார்கள். உண்மைதான். ஆனால் வண்டிகள் ஒன்றுக்கொன்று வழிவிடும் ஏற்பாடு ஸ்ரேசன்களில் உண்டு. சின்ன வண்டி ஒன்று கொஞ்ச நேரம் ஒதுங்கி நிற்பதில் நட்டமில்லை. வண்டி கூடினால் காவலில்லாத கடவைகளில் ஆபத்தும் கூடும். ஆகவே கேற் முதலில், வண்டி பிறகு. பஸ்காரரின் பிழைப்புக் கெடும் என்ற பயமும் வீண்: ஸ்ரேசனில் இறங்குபவர்களை உள்ளூருக்குள் கொண்டுபோக மினிபஸ்தான் வேண்டும்.

ஆகாத காரியம் என்றும் சொல்ல முடியாது. 2022 யூலையில் பெற்றோல் வரிசை வீதி வீதியாக நீண்டபோது, 'யாழ் ராணி' என்ற வண்டி முறிகண்டிக்கும் காங்கேசன்துறைக்கும் இடையே ஓடத் தொடங்கியது. நெருக்கடியில் பிறந்த அந்த யோசனையைக் குடாநாட்டு நேரசூசியின் அடிப்படையாக ஆக்கவேண்டும். கொடிகாமத்துக்கும் காங்கேசன்துறைக்கும் இடையில் காலையில் இரண்டு, பின்னேரம் இரண்டு. பள்ளிக்கூட மணிக்கும் கந்தோர் நேரத்துக்கும் கிளினிக்குக்கும் பொருந்தும்படி. மாணவருக்கும் ஊழியருக்கும் சீசன் ரிக்கற். ஒரு வருசம் ஒழுங்காக, நேரம் தவறாமல் ஓட்டிவிட்டு வரவுசெலவைப் பார்க்கட்டும். இரண்டு கிழமை ஓட்டி, ஆளில்லை என்று நிறுத்துவது கணக்காகாது. கோச்சியை நம்பி வேலைக்குப் போகலாம் என்ற துணிவு சனத்துக்கு வர, அவ்வளவு காலமாவது வேண்டும்.