கடைசிப் பக்கத்தில் தொடங்கும் கதை!

ஜப்பான், கொரியா படக்கதைகள் ஆங்கில வாசகர்களை மயக்குகின்றன

“மாங்கா” என்றால் நம் வீடுகளில் ஊறுகாய் ஜாடிதான் நினைவுக்கு வரும். ஆனால் அமெரிக்காவில் ஒரு பள்ளிச் சிறுவனிடம் “மாங்கா” என்று சொன்னால், அவன் ஒரு புத்தகத்தை எடுத்து வந்து நீட்டுவான்!

அது ஜப்பான் நாட்டுப் படக்கதைப் புத்தகம். ஜப்பானிய மொழியில் படக்கதைக்கு “மாங்கா” என்று பெயர். அதே சொல்லைக் கொரியா நாட்டார் “மான்வா” என்கிறார்கள்.

அந்தப் புத்தகத்தைப் பிரித்தால் ஒரு வேடிக்கை காத்திருக்கிறது. நாம் முதல் பக்கம் என்று நினைத்துத் திறப்பது கடைசிப் பக்கம்! “இது புத்தகத்தின் முடிவு, மறுபக்கத்திலிருந்து தொடங்குங்கள்” என்ற பொருளில் அங்கே ஓர் எச்சரிக்கை இருக்கும். உருது, அரபுப் புத்தகங்களைப்போல வலமிருந்து இடமாகப் படிக்க வேண்டும். படக் கட்டங்களும் அதே வரிசைதான்.

அமெரிக்கர்களுக்குச் சொந்தமாக சூப்பர்மேன் இருக்கிறார். பேட்மேன் இருக்கிறார். அப்படியிருந்தும் இந்தத் தலைகீழ்ப் புத்தகங்களை அவர்கள் ஏன் போட்டி போட்டுக்கொண்டு வாங்குகிறார்கள்? அந்தப் பணம் யாருக்குப் போகிறது?

டாக்டர் வரைந்த சிறுவன்

இரண்டாம் உலகப் போரில் ஜப்பான் தோற்றது. நகரங்கள் சாம்பலாயின. மக்களிடம் காசு இல்லை. மலிவான பொழுதுபோக்கு தேவைப்பட்டது.

அப்போது தோன்றினார் ஓசாமு தெசுகா. அவர் டாக்டருக்குப் படித்தவர். ஆனால் ஊசியைப் பிடிக்காமல் தூரிகையைப் பிடித்தார்! 1952-ம் ஆண்டு அவர் தொடங்கிய இயந்திரச் சிறுவனின் கதை நாடு முழுவதும் பரவியது. “ஆஸ்ட்ரோ பாய்” என்ற பெயரில் அமெரிக்காவும் பின்னர் அந்தச் சிறுவனை அறிந்தது.

1968-ல் “ஷோனென் ஜம்ப்” என்ற சிறுவர் பத்திரிகை பிறந்தது. 1995-ல் அதன் ஓர் இதழ் 65 லட்சத்து 30 ஆயிரம் பிரதிகள் அச்சாயிற்று. உலகமே வாய் பிளந்தது!

அங்கே படக்கதை என்றால் வீரன் கதை மட்டும் அல்ல. சமையல்காரன் கதை உண்டு. பந்தாட்டக்காரன் கதை உண்டு. ஆபீஸ் குமாஸ்தா கதையும், குடும்பத் தலைவி கதையும் உண்டு. பெண்களே எழுதி, பெண்களே வரைந்து, பெண்களே படிக்கும் கதைகளும் ஏராளம்.

கப்பல் ஏறிய கதைகள்

கெய்ஜி நகசாவா என்ற ஓவியர் ஹிரோஷிமாவில் பிறந்தவர். 1945-ல் அங்கே அணுகுண்டு விழுந்தபோது அவருக்கு வயது 6. அவர் பிழைத்தார். தந்தையையும், உடன்பிறந்தவர்களில் சிலரையும் பறிகொடுத்தார். அந்தக் கொடுமையை அவர் 1973-ல் படக்கதையாக வரையத் தொடங்கினார். அதுதான் “பேர்புட் ஜென்”. தொண்டர்கள் சிலர் ஒன்றுசேர்ந்து, 1970-களின் கடைசியில் அதை ஆங்கிலத்தில் கொண்டுவந்தார்கள். ஆங்கிலத்திற்குப் போன முதல் மாங்காக்களில் அதுவும் ஒன்று.

1986-ல் செய்ஜி ஹோரிபுச்சி என்ற ஜப்பானியர் அமெரிக்காவில் சான்பிரான்சிஸ்கோ நகரில் “விஸ்” என்ற பதிப்பகத்தைத் தொடங்கினார். அடுத்த ஆண்டே மாங்காக்கள் ஆங்கிலத்தில் வரத் தொடங்கின.

ஆனால் அப்போது ஒரு தயக்கம் இருந்தது. “வலமிருந்து இடமாக அமெரிக்கர்கள் படிப்பார்களா?” என்று பதிப்பாளர்கள் பயந்தார்கள். எனவே படங்களைக் கண்ணாடியில் பார்ப்பதுபோல இடம் வலமாகத் திருப்பி அச்சிட்டார்கள்.

விளைவு என்ன? வலக்கையில் வாள் ஏந்திய சாமுராய் வீரர்கள் எல்லோரும் இடதுகைக்காரர்கள் ஆகிவிட்டார்கள்! அது மட்டுமா? ஜப்பானியர் “கிமோனோ” உடையில் இடப்பக்கத் துணியை மேலே வைத்து மடிப்பார்கள். வலப்பக்கத்தை மேலே வைத்து மடிப்பது பிணத்துக்கு மட்டும்தான்! படத்தைத் திருப்பியதும் உயிரோடு இருப்பவர்கள் எல்லாம் பிணக்கோலத்தில் நின்றார்கள்!

ஓவியர்களுக்கு இது பிடிக்கவில்லை. “டிராகன் பால்” கதையை வரைந்த அகிரா தோரியாமா, தம் படங்களைத் திருப்பக் கூடாது என்று கூறிவிட்டார். 1998-ல் அவர் கதை அமெரிக்காவில் ஜப்பானிய முறையிலேயே வெளியாயிற்று. சிறுவர்கள் முகம் சுளிக்கவில்லை. தலைகீழாகப் படிப்பதே அவர்களுக்குப் பெருமையாகிவிட்டது!

10 டாலருக்கு ஒரு சென்ட் குறைவு

2002-ல் “டோக்கியோபாப்” என்ற பதிப்பகம் துணிந்து ஒரு காரியம் செய்தது. படங்களைத் திருப்பும் வேலையை நிறுத்தியது. அதனால் செலவு குறைந்தது, வேகமும் கூடியது. கைக்கு அடக்கமான புத்தகம், விலை 9 டாலர் 99 சென்ட்.

அமெரிக்கப் படக்கதைகள் அப்போது பெரும்பாலும் தனிக் கடைகளில் விற்றன. அங்கே ஆண்கள் கூட்டமே அதிகம். மாங்காவோ சாதாரணப் புத்தகக் கடைக்குள் நுழைந்தது. அங்கே பெண்கள் இருந்தார்கள். நவோகோ தகேயுச்சி என்ற பெண்மணி வரைந்த “செய்லர் மூன்” போன்ற கதைகளை அமெரிக்கச் சிறுமியர் அள்ளிக்கொண்டு போனார்கள்.

விலையிலும் ஒரு சூட்சுமம் உண்டு. அமெரிக்கப் படக்கதை இதழ் சுமார் 4 டாலர். கதை இருபதுக்குச் சற்று அதிகமான பக்கங்களில் முடிந்துவிடும். மாங்கா 10 அல்லது 12 டாலர். ஆனால் சுமார் 200 பக்கம் படிக்கலாம். கையில் அளவான காசு வைத்திருக்கும் மாணவன் எதை வாங்குவான்?

வாசகர்களே செய்த திருட்டு

இந்தக் கதையில் ஓர் இருண்ட பக்கமும் உண்டு.

ஜப்பானில் வந்த கதை ஆங்கிலத்தில் வர மாதக்கணக்கில் ஆகும். சில கதைகளுக்கு ஆண்டுக்கணக்கு. ரசிகர்களுக்குப் பொறுமை இல்லை. ஜப்பானியப் பத்திரிகையை வாங்கி, பக்கம் பக்கமாகப் படம் பிடித்து, தாங்களே மொழிபெயர்த்து, இணையத்தில் இலவசமாகப் போட்டார்கள். முதலில் இது ஆசையால் நடந்தது. பிறகு சிலர் அதை விளம்பரக் காசு பார்க்கும் வியாபாரமாக மாற்றினார்கள்.

2011-ல் இரண்டு பேரிடிகள் விழுந்தன. “பார்டர்ஸ்” என்ற பெரிய புத்தகக் கடை நிறுவனம் திவாலாகி மூடப்பட்டது. அமெரிக்காவில் டோக்கியோபாப் தன் பதிப்பு வேலையை நிறுத்தியது. மீண்டும் தலைதூக்கச் சில ஆண்டுகள் பிடித்தன. “மாங்கா மோகம் தீர்ந்தது” என்று பலர் எழுதினார்கள்.

ஆனால் தீரவில்லை. ஜப்பானியப் பதிப்பாளர்கள் ஒரு பாடம் கற்றார்கள். திருடனைத் துரத்தினால் மட்டும் போதாது. திருடனைவிட வேகமாகவும் மலிவாகவும் சரக்கைக் கொடுக்க வேண்டும்!

2018 டிசம்பரில் விஸ் பதிப்பகம் செல்போனில் ஒரு புதிய ஏற்பாட்டைத் தொடங்கியது. ஜப்பானில் கதை வெளியாகும் அதே நாளில் ஆங்கிலத்திலும் வரும். புதிய 3 அத்தியாயங்கள் இலவசம். பழையவை எல்லாம் படிக்க மாதச் சந்தா 1 டாலர் 99 சென்ட். பின்னர் அது 2 டாலர் 99 சென்ட் ஆயிற்று. மாதச் சந்தாவே ஒரு புத்தகத்தின் விலையில் மூன்றில் ஒரு பங்குகூட இல்லை!

மறுபக்கம் சட்டமும் பாய்ந்தது. ஜப்பானில் “மாங்கா முரா” என்ற திருட்டுத் தளம் 2018-ல் மூடப்பட்டது. அதை நடத்தியவருக்குச் சிறைத் தண்டனை கிடைத்தது. 2024 ஏப்ரலில், 3 பதிப்பகங்களுக்கு அவர் சுமார் 170 கோடி யென் நஷ்டஈடு தரவேண்டும் என்று டோக்கியோ கோர்ட் தீர்ப்பளித்தது.

கட்டை விரலால் படிக்கும் கதை

கொரியாக்காரர்கள் வேறு வழியில் போனார்கள். 1997-ல் அங்கே பெரும் பொருளாதார நெருக்கடி. அதன் பிறகு படக்கதைப் புத்தக வியாபாரம் நொடித்தது. ஓவியர்கள் இணையத்துக்குப் போனார்கள். 2004-ல் “நேவர்” கம்பெனி இணையப் படக்கதைகளை வெளியிடத் தொடங்கியது. இவற்றுக்கு “வெப்டூன்” என்று பெயர். 2014-ல் ஆங்கில வெப்டூன் வந்தது.

இதில் பக்கம் புரட்டும் வேலையே இல்லை. செல்போனில் கட்டை விரலால் மேலே தள்ளிக்கொண்டே போகலாம். கதை கீழே ஓடிக்கொண்டே இருக்கும். எல்லாம் வண்ணப் படங்கள். காத்திருந்தால் இலவசம். “அடுத்த வாரம் வரை பொறுக்க முடியாது” என்கிறவர் சிறு காசு கட்டி முன்கூட்டியே படிக்கலாம். அவசரக்காரர்களின் சில்லறையில்தான் பெரும் வியாபாரம் நடக்கிறது!

நியூசிலாந்தைச் சேர்ந்த ரேச்சல் ஸ்மைத் என்ற பெண்மணி, கிரேக்கப் புராணக் காதலை “லோர் ஒலிம்பஸ்” என்ற கதையாக இதில் வரைந்தார். 2022-ல் அமெரிக்காவின் புகழ்பெற்ற ஐஸ்னர் பரிசு அதற்குக் கிடைத்தது. 2024 ஜூனில் வெப்டூன் கம்பெனியின் பங்குகள் அமெரிக்காவின் நாஸ்டாக் பங்குச் சந்தையில் ஏறின.

கொரோனா காலத்தில் பெருவெள்ளம்

2020-ல் கொரோனா வந்தது. பள்ளிகள் மூடின. சிறுவர்கள் வீட்டில் அடைபட்டார்கள். டெலிவிஷனிலும் செல்போனிலும் ஜப்பானியக் கார்ட்டூன் படங்களைப் பார்த்தார்கள். “மீதிக் கதை என்ன?” என்று புத்தகத்தைத் தேடினார்கள்.

2021-ல் அமெரிக்காவில் மாங்கா விற்பனை, முந்திய ஆண்டைவிட இரண்டு மடங்குக்கு மேல் போயிற்று! அச்சடித்த புத்தகங்கள் போதவில்லை. 2022-ல் இன்னும் ஏறியது. 2023-ல் சற்றுத் தணிந்தது. ஆனாலும் பழைய நிலைக்கு அது இறங்கிவிடவில்லை.

அந்த அலை நம் ஊருக்கும் வந்தது. “டீமன் ஸ்லேயர்” என்ற மாங்காவைக் கொண்டு எடுத்த கார்ட்டூன் படம், 2025 செப்டம்பரில் இந்தியத் திரையரங்குகளில் தமிழ் பேசியது!

வரையும் கைகள்

கோடிகள் புரள்கின்றன. எய்ச்சிரோ ஓடா 1997-ல் தொடங்கிய “ஒன் பீஸ்” கதை, உலகெங்கும் 50 கோடிப் பிரதிகளைத் தாண்டிவிட்டது. ஆனால் இத்தகைய அதிர்ஷ்டம் ஆயிரத்தில் ஒருவருக்குத்தான்.

வாரப் பத்திரிகைக்கு வரைபவர் வாரம் தவறாமல் ஏறக்குறைய 19 பக்கம் கொடுக்க வேண்டும். வெப்டூன் ஓவியர் 60, 70 கட்டங்களை வண்ணம் தீட்டிக் கொடுக்க வேண்டியிருக்கிறது. பண்டிகையா? காய்ச்சலா? கெடு மாறாது. வாசகர் ஒரு வார வேலையை 5 நிமிடத்தில் படித்து முடித்து, “அடுத்தது எங்கே?” என்கிறார்.

ஆங்கில வாசகர்கள் கொண்டாடிய கொரியக் கதை “சோலோ லெவலிங்”. அதன் ஓவியர் ஜாங் சுங்-ராக் 2022 ஜூலையில் மூளையில் ரத்தம் கசிந்து இறந்தார். வயது 37. அவருக்கு நெடுநாளாக உடல்நலம் சரியில்லை என்று அவர் வேலை செய்த நிறுவனம் தெரிவித்தது. அவர் வரைந்த கதை பிறகு கார்ட்டூன் தொடராக வந்து உலகை வென்றது. அதைப் பார்க்க அவர் இல்லை.

மொழிபெயர்ப்பவர் கதி?

மொழிபெயர்ப்பாளர்களுக்கும் இப்போது கவலை வந்திருக்கிறது. 2024-ல் ஜப்பானின் “ஆரஞ்ச்” என்ற கம்பெனி, செயற்கை அறிவு இயந்திரத்தைக் கொண்டு மாங்காக்களை வேகமாக ஆங்கிலமாக்க 292 கோடி யென் முதலீடு திரட்டியது. ஜப்பான் மொழிபெயர்ப்பாளர் சங்கம் கவலை தெரிவித்து அறிக்கை விட்டது.

கவலையில் நியாயம் இருக்கிறது. ஜப்பானிய மொழியில், நம் மொழியைப்போலவே, பெரியவரிடம் பேசும் பேச்சு வேறு, சிறியவரிடம் பேசும் பேச்சு வேறு. ஆங்கிலத்திலோ எல்லோருக்கும் ஒரே “யூ”தான்! அந்த மரியாதையை, கோபத்தை, செல்லத்தை வேறு வழியில் உணர்த்த வேண்டும். ஜப்பானியர் நிசப்தத்துக்கும் ஓர் ஒலிச்சொல் வைத்திருக்கிறார்கள். யாரும் பேசாத இடத்தில் “ஷீன்” என்று எழுதுவார்கள். ஓசையே இல்லாததன் ஓசை அது! இதை இயந்திரம் சொல்லுக்குச் சொல் மாற்றிவிடலாம். அந்த மௌனத்தின் கனத்தை மனிதர்தான் அறிவார்.

பெற்றோர் கவனத்துக்கு

படக்கதை என்றாலே குழந்தைக்கு ஏற்றது என்று எண்ணிவிடக் கூடாது. மாங்காவில் எல்லா வயதினருக்கும் கதைகள் உண்டு. விஸ் புத்தகங்களில் வயதுக் குறி இருக்கும். “ஏ” என்றால் எல்லோரும் படிக்கலாம். “டி” என்றால் 13 வயதுக்கு மேல். “டி பிளஸ்” என்றால் 16-க்கு மேல். “எம்” என்றால் 18-க்கு மேல். அமெரிக்க நூலகர்கள் அந்தக் குறியைப் பார்த்தே அடுக்குகிறார்கள். பிள்ளைகள் கையில் கொடுக்குமுன் பெற்றோரும் பார்ப்பது நல்லது.

திருட்டுத் தளங்களில் இந்த வயதுக் குறியை நம்ப முடியாது. அங்கே படித்தால் ஓவியருக்குக் காசும் போகாது.

40 ஆண்டுகளுக்கு முன், “இதை யார் படிப்பார்கள்?” என்று ஆங்கிலப் பதிப்பாளர்கள் கேட்டார்கள். அந்தக் கேள்விக்குச் சிறுவர்கள் பதில் சொல்லிவிட்டார்கள். “இதை யார் தொடர்ந்து வரைவார்கள்?” என்பதுதான் இப்போதைய கேள்வி. படிக்கிறவர் கொடுக்கும் சில்லறை வரைந்தவர் வீட்டு அடுப்பு வரை போய்ச் சேர்ந்தால், அதற்கும் நல்ல பதில் கிடைக்கும்!