கழுதைக்குப் பயந்த ஆக்கள்

எங்கட கடைக் குசினியில என்னோட கோப்பை கழுவுற பெடியன் ஒருத்தன் இருக்கிறான். ஜப்பான் படம் எண்டால் அவனுக்கு உயிர். தகாஷி மீக்கேயின்ர 'இச்சி த கில்லர்' (2001) படத்தை இங்க தணிக்கைக்காரர் மூண்டு நிமிசத்துக்கு மேல வெட்டித்தான் விட்டவை. தான் வெட்டாததைத் தேடிப்பிடிச்சுப் பார்த்தவனாம். "அண்ணை, தமிழில இப்பிடித் துணிஞ்சு படம் எடுக்க ஒருத்தனாவது இருந்தானோ?" எண்டு கேட்டான்.

இருந்தவர். பெயர் ஜோன் ஆபிரகாம். (அந்தப் பெயரில இருக்கிற ஹிந்தி நடிகர் இல்லை, குழம்பாதேங்கோ.) 1937இல் குட்டநாட்டில பிறந்த மலையாளி. எல்.ஐ.சி. வேலையை விட்டிட்டுப் பூனா திரைப்படக் கல்லூரியில ரித்விக் கட்டக்கிட்டப் படிச்சவர். எடுத்த முழுநீளப் படம் நாலே நாலு. அதில ஒண்டு தமிழ், 1977இல் எடுத்த 'அக்கிரகாரத்தில் கழுதை'. எழுதினது வெங்கட் சாமிநாதன். பேராசிரியரா நடிச்சது இசையமைப்பாளர் எம்.பி. சீனிவாசன்.

தாயில்லாத கழுதைக்குட்டி ஒண்டைப் பேராசிரியர் தன்ர அக்கிரகாரத்துக்குக் கொண்டுபோய் விடுறார். வாய்பேசாத ஒரு பெட்டைதான் அதைப் பார்க்கிறாள். அவளுக்குச் செத்துப் பிறந்த பிள்ளை கோயிலடியில கிடக்குது. பழி கழுதைக்கு. அடிச்சுக் கொல்லுகினம். பிறகு ஊரில ஏதேதோ நல்லது நடக்க, அதே கழுதையைக் கும்பிட வெளிக்கிடுகினம். கடைசியில ஊரே எரியுது.

இதில கை கால் வெட்டிற காட்சி ஒண்டும் இல்லை. ஆனால் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது கிடைச்சும் எதிர்ப்பு அடங்கேல்லை. 1989இல் தூர்தர்ஷன் போட இருந்து, போடாமல் விட்டது. ரத்தம் ஊத்தினால் வெட்டிப்போட்டு விடலாம், கழுதையை எங்க வெட்டுறது?

ஜோனைப் பற்றிக் கதைக்கிற கொஞ்சப் பேரும் அவரின்ர குடியையும், 1987இல் கோழிக்கோட்டில மாடியில இருந்து விழுந்து செத்ததையும்தான் கதைக்கினம். ஒடேசா எண்டு ஒரு அமைப்பைத் தொடங்கி, சனத்திட்டக் காசு சேர்த்து 1986இல் 'அம்மா அறியான்' எடுத்து ஊர் ஊராப் போட்டுக் காட்டினதைக் கதைக்கிறேல்லை. குடிகாரக் கதை சொல்ல லேசு, படம் பார்க்கத்தான் கஷ்டம்.

"அது ஐயர்மாரைப் பற்றின படம்தானே, எங்களுக்கென்ன" எண்டு எங்கட ஆக்கள் சொல்லுவினம். 1968இல் மாவிட்டபுரம் கந்தசாமி கோயில் வாசலில உள்ள விடமாட்டம் எண்டு நிண்டது யார்? ஐயர்மார் மட்டுமோ? பேராசிரியரை நக்கலடிக்கிற ஊர்ச்சனத்தின்ர முகங்களைப் பார்க்க எனக்கு எங்கட ஒழுங்கைதான் ஞாபகம் வந்தது. நான் 2006இல் கம்பஸைப் பாதியில விட்டிட்டு வந்தவன். அந்த முகங்களை இங்க கலியாணப் பேச்சுக்கால்களிலயும் கண்டிருக்கிறன்.

போன வருசம் இங்க ஒரு சங்கத்தின்ர ஆண்டு விழாவுக்கு இந்தப் படத்தைப் போடுவமோ எண்டு கேட்டன். "தம்பி, குடும்பமா வாற இடம், சாதிக்கதை ஏன்?" எண்டிட்டினம். அண்டைக்கு மேடையில குத்துப்பாட்டுக்குச் சின்னப் பிள்ளையள் இடுப்பை ஆட்டினதுகள். எல்லாரும் குடும்பமாத்தான் கைதட்டினவை.

பெடியனுக்குப் படத்தைக் குடுத்தன். ரெண்டு நாள் ஒண்டும் கதைக்கேல்லை. மூண்டாம் நாள் சட்டியைத் தேய்ச்சுக்கொண்டு கேட்டான்: "அண்ணை, இதை எங்கட அம்மாவுக்குக் காட்டலாமோ?"

காட்டடா எண்டன்.