அங்கதமா, ஆராதனையா?

பழிப்புக்கும் இலக்கணம் வகுத்த மொழி நம் மொழி. வெளிப்படப் பழிப்பது செம்பொருள் அங்கதம். மறைத்துப் பழிப்பது பழிகரப்பு அங்கதம். தொலைக்காட்சியில் திரையுலகைக் கேலி செய்யும் நிகழ்ச்சிகள் இவ்விரண்டில் எவ்வகை? இரண்டும் அல்ல என்பதே நம் துணிபு.

2003-ஆம் ஆண்டு விஜய் தொலைக்காட்சியில் ‘லொள்ளு சபா’ தொடங்கிற்று. ராம்பாலாவின் இயக்கத்தில் சந்தானமும் குழுவினரும் புகழ்பெற்ற படங்களை நையாண்டி செய்தனர். கதாநாயகனின் வீர வசனம் எத்துணைப் போலியானது என்பதை வீட்டுக் கூடத்திலேயே காட்டிய நன்மையை நாம் மறுக்கவில்லை. ஆயினும் அக்கேலி பெரும்பாலும் படத்தோடு நின்றுவிட்டது. நடிகரைத் தெய்வமாக்கும் வணிகத்தைத் தீண்டவில்லை. எங்ஙனம் தீண்டும்? நடிகரின் நேர்காணலும் விருது விழாவும் தொலைக்காட்சிக்குச் சோறு போடுபவை அல்லவா?

2004-இல் ‘மன்மதன்’ வழியே சந்தானம் வெள்ளித்திரையில் இடம்பிடித்தார். ‘கலக்கப் போவது யாரு’ மேடையில் நடிகர்களின் குரலில் பேசிக் காட்டிய சிவகார்த்திகேயன் 2012-இல் கதாநாயகரானார். உழைத்து உயர்ந்தோரை நாம் குறைகூறவில்லை. ஆனால், கேலி மேடையே நட்சத்திரப் பதவிக்கு ஏணியாகும்போது, தாம் ஏறவிருக்கும் ஏணியை எவர் வெட்டுவர்?

மெய்யான அங்கதத்தைத் தேடி நாம் நெடுந்தொலைவு செல்ல வேண்டுவதில்லை. கடலூர்த் திருப்பாதிரிப்புலியூரில் 1906-இல் பிறந்தவர் புதுமைப்பித்தன். அவரது ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ (1943) கதையில், கடவுளே நேரில் வந்து ஆடியும் கலைப் புரவலர் ஒருவர் அதை ஏற்க மறுக்கிறார். சிதம்பரத்துக் கூத்தனுக்கே சான்றிதழ் தர மறுக்கும் அந்தப் புகழ்ச் சந்தையை இதனினும் கூர்மையாக யார் குத்தினார்? அதே கடலூரில் 1934-இல் பிறந்த ஜெயகாந்தனோ, நடிகர் மோகம் நாட்டை ஆட்டிப்படைத்த காலத்திலேயே, அம்மோகத்தால் ஓர் ஏழைப் பெண் வாழ்விழந்ததைச் ‘சினிமாவுக்குப் போன சித்தாளு’வில் அஞ்சாது எழுதினார். இவ்விருவரையும் படிக்கும்போது முதலில் சிரிக்கிறோம். பின்னர் நம்மையே நோக்கி நாணுகிறோம்.

தொலைக்காட்சிக் கேலியோ நம்மை நாணவிடுவதில்லை. இரவில் நடிகரைப் பகடி செய்வதைக் கண்டு சிரித்த இளைஞரே, விடிந்ததும் அவருடைய ‘கட்டவுட்’டுக்குப் பால் வார்க்கிறார். சிலையின் மூக்கைக் கிள்ளிவிட்டுப் பீடத்தைத் துடைத்துவைக்கும் சிரிப்பு அங்கதமாகாது. அது ஆராதனையின் மற்றொரு வடிவமே. வாசகரே, அடுத்த முறை சிரிக்கும்போது ஒன்றை மட்டும் கேட்டுக்கொள்வோம்: இச்சிரிப்பால் அசைந்தது சிலையா, நாமா?