இயந்திரம் இறங்காத குழி

இயந்திரம் வந்துவிட்டால் இழிவான வேலைகள் தாமாகவே ஒழிந்துபோகும் என்பதாக நமது தோழர்களில் பலர் இன்னமும் நம்பிக்கொண்டிருக்கின்றார்கள். அப்படிப்பட்டவர்கள், திவ்யபாரதி 2017-ல் வெளியிட்ட “கக்கூஸ்” என்னும் ஆவணப்படத்தை ஒரு தடவையாவது பார்க்க வேண்டுமென்று கேட்டுக்கொள்ளுகின்றோம். மலம் அள்ளுகின்றவர்களையும், மலக்குழியில் மாண்டவர்களின் குடும்பத்தாரையும் நேரே நிறுத்திப் பேசவைத்த படம் அது. பல இடங்களில் அதைத் திரையிடப் போலீசார் அனுமதி மறுத்தார்கள். அவ்வருஷம் ஜூலையில், 2009-ஆம் வருஷத்துப் பழைய போராட்ட வழக்கொன்றைத் தூசு தட்டி எடுத்து அவரையே கைது செய்தார்கள். குழிக்குள் மனிதனை இறக்கியவனைப் பிடிப்பதைவிட, அதைப் படம் பிடித்தவரைப் பிடிப்பது சுலபம் போலும்!

இயந்திரம் இல்லையா? கழிவை உறிஞ்சுகின்ற லாரி ஊருக்கு ஊர் இருக்கின்றது. சாக்கடைக் குழியைத் துப்புரவு செய்யும் ‘பண்டிகூட்’ என்ற ரோபோவைக் கேரளத்து இளைஞர்கள் 2018-லேயே திருவனந்தபுரத்தில் வேலைக்கு விட்டார்கள். 2023-ல் நிலவிலேயே வண்டி இறக்கியாயிற்று.

சட்டம் இல்லையா? 1993-ல் ஒன்று, 2013-ல் மற்றொன்று. பாதுகாப்புக் கருவியில்லாமல் மலக்குழியில் ஆளை இறக்கினால் முதல் தடவையே 2 வருஷம் வரை சிறை, 2 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் என்கின்றது பின் வந்த சட்டம். செத்தவர் குடும்பத்திற்கு 10 லட்சம் என்று 2014-ல் சொன்ன சுப்ரீம் கோர்ட், 2023-ல் அதை 30 லட்சமாக்கிற்று. தொகை ஏறியதேயொழியச் சாவு நின்றபாடில்லை.

பின் ஏன் மனிதன் இறங்குகின்றான்? லாரியைவிட அவன் மலிவு. ஏன் மலிவு? பிறக்கும்போதே ஜாதி அவனுக்கு விலை கட்டிவிட்டது. மேல்ஜாதிக்காரர் பிள்ளைகள் நாலு பேர் அந்தக் குழியில் மூச்சடைத்துச் செத்திருந்தால், மறுநாளே சந்து பொந்தெல்லாம் இயந்திரம் நுழைந்திராதா?

எந்தப் பொருள் யாருக்கு என்று ஜாதி தீர்ப்புச் சொல்லுவது நமக்குப் புதிதன்று. தேவகோட்டையும் சேர்ந்திருந்த அன்றைய இராமநாதபுரம் ஜில்லாவில், 1930 டிசம்பரில் ஆதிக்க ஜாதியார் ஆதிதிராவிடர்களுக்கு எட்டுத் தடைகள் விதித்தார்கள். ஆண்கள் குடை பிடிக்கக்கூடாது, செருப்புப் போடக்கூடாது. வீட்டில் மண்பாண்டம் தவிர வேறு பாத்திரம் புழங்கக்கூடாது. மீறியவர்களின் குடிசைகளுக்குத் தீ வைத்தார்கள். அன்று ஊரில் செருப்பே இல்லாமலா போயிற்று? கடையில் இருந்தது, காலுக்கு வரவிடவில்லை. இன்றைக்கு லாரியும் அந்தச் செருப்பைப் போலத்தான்.

நாம் மட்டும் யோக்கியர்களா? வீட்டுக் குழி நிறைந்தால், “சந்துக்குள் லாரி வராது, அவனே இறங்குகிறேன் என்கிறான், குடிக்கக் காசு கொடுத்தால் போதும்” என்று சுயமரியாதை பேசுகின்றவர்களே சொல்லக் கேட்டிருக்கின்றோம். அந்தக் குழியிலுள்ள ஹைட்ரஜன் சல்பைடு முதலில் மோப்ப சக்தியைக் கெடுக்கும். நாற்றம் போய்விட்டதென்று நினைக்கின்றவன் சில மூச்சுக்குள் விழுவான். தூக்கப் போனவனும் விழுவான். அதற்குத் ‘தலைவிதி’ என்றொரு பெயரும் தயாராயிருக்கின்றது!

தேவகோட்டை நகரசபையாரை நாம் கேட்பது இதுதான்: உறிஞ்சு லாரி எத்தனை இருக்கின்றது, அது நுழைய முடியாத தெருக்கள் எவை, அந்தத் தெருக்களில் குழி நிறைந்தால் இறங்குவது யார்? பதிலை எழுதி நகரசபை வாசலில் ஒட்டட்டும்.