தவணையும் நீதியும்

நீதிமன்றத்தின் கதவு எல்லோருக்கும் திறந்திருக்கிறது என்கின்றனர். உள்ளே காத்திருக்கும் வசதி எல்லோருக்கும் உண்டா?

காணியின் எல்லையைப் பிழையாகக் குறித்த வழக்குரையைத் திருத்த அனுமதிப்பது நியாயமே. எழுத்துப் பிழையால் ஏழை உழவன் உரிமை இழத்தலாகாது. ஆனால், திருத்தம் காலங்கடத்தும் தந்திரமாகவும் ஆயிற்று. அதற்குக் கடிவாளமிட்டது, 1889ஆம் ஆண்டின் இலங்கைக் குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையில் 1991இல் திருத்தப்பட்ட 93ஆம் பிரிவு. வழக்கின் முன்விசாரணைக்கு முதலில் குறித்த நாளிலோ அதன்பின்னோ திருத்தம் கோருபவன், மறுத்தால் பாரதூரமான, ஈடுசெய்யவியலாத அநீதி நேருமென்று காட்டவேண்டும். தாமதம் தன் குற்றமன்று என்றும் காட்டவேண்டும்.

நன்று. ஆனால், திருத்தக் கட்டளையை எதிர்த்து மேலே செல்பவனுக்குச் சட்டம் இவ்வளவுகோலை எழுதிவைத்ததா? குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம், அதற்கும் மேல் உயர் நீதிமன்றம் என இரு படிகள். தடையுத்தரவு கிடைத்துவிட்டால் மாவட்ட நீதிமன்றத்தில் விசாரணை உறங்கும். காணியைப் பிடித்திருப்பவன் ஆண்டுகொண்டேயிருப்பான். மற்றவன் தவணைக்குத் தவணை நாட்கூலியை இழப்பான்.

மீளாய்வே வேண்டாமென்பதன்று எமது வாதம். இறுதி மேன்முறையீட்டில் சீர்செய்யக்கூடிய பிழைக்காக வழக்கை நடுவழியில் நிறுத்தலாகாது என்பதே. ஈடுசெய்யவியலாத அநீதியைக் காட்டுபவனுக்கு மட்டுமே தடையுத்தரவு வழங்குக! பாட்டன் தொடுத்த வழக்கில் பேரன் தீர்ப்புக் கேட்பது நீதியன்று. சொத்துடையோர் நீதியின் பெயரால் வாங்கும் தவணை.